படையலுக்கு ஒரு தக்காளி முட்டை

கருமாதி இலையில் என்னென்ன வைப்பது என்று பேச்சு வந்தபோது, தக்காளி முட்டை வைக்கலாமா என்று சியூ யென் மலாயில் கேட்டாள். கூடத்தில் இருந்தவர்கள் விஜயராணியைப் பார்த்தார்கள். விஜயராணி மேலே சுற்றும் காற்றாடியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

செத்தது விஜயராணியின் ஒரே மகன் சிவநேசன். ரவாங் தொழிற்சாலையில் ஓய்வு நேரத்தில் நாற்காலியில் சாய்ந்தவன், மணி அடித்தும் எழுந்திருக்கவில்லை. சியூ யென் அவன் மனைவி. சுங்கை செம்பிலாங்கில் மீன்பிடிக்கிற சீனக் குடும்பத்துப் பெண். பதிவுத் திருமணம்தான். கோயிலில் வைத்துத் தாலி கட்டுவதை அடுத்த வருஷம், அதற்கடுத்த வருஷம் என்று தள்ளிப்போட்டே வந்தார்கள். கழற்றுவதற்குத் தாலி இல்லாததால் சடங்கில் அவளுக்கு வேலையே இல்லாமல் போயிற்று. ஊரார் வந்து விஜயராணியின் கையைப் பிடித்தார்கள். சியூ யென் தேநீர் கொடுத்தாள். அவனுக்கென்று அவள் செய்ய மிச்சமிருந்தது, தக்காளியும் முட்டையும் சேர்த்து வதக்கும் அந்த ஒரு கறிதான். ஞாயிற்றுக்கிழமைகளில் அதையும் சோற்றையும் வைத்துவிட்டால் அவன் வேறு எதையும் கேட்க மாட்டான்.

"முட்டையா? கருமாதி இலையிலயா? பண்டாரம் எந்திரிச்சுப் போயிருவாரு" என்றாள் இராஜம்மா. விஜயராணியின் நாத்தனார். காரியம் முழுவதும் அவள் சொல்படிதான் நடந்தது.

சியூ யெனின் அம்மா சீன மாதத்தின் முதல் நாளும் பௌர்ணமியும் சைவம். முட்டையும் தொட மாட்டாள். அந்த நாட்களில் தவ்ஃபூ என்கிற சோயாக் கட்டியைத்தான் முட்டை மாதிரிப் பொரிப்பாள். அப்படிச் செய்தால் ஆகுமா என்று சியூ யென் கேட்டாள். முட்டை இல்லாவிட்டால் என்னவோ செய்துகொள்ளட்டும் என்றாள் இராஜம்மா.

விஜயராணி ஜெராம் பக்கத்துத் தோட்டத்துத் தொழிலாளர் லயத்தில் பிறந்தவள். சின்ன வயதில் ரப்பர்ப் பால் வாளி தூக்கினாள். ரப்பரை வெட்டிவிட்டு, எண்ணெய் எடுக்கும் செம்பனை நட்ட பிறகு உதிரிப் பழம் பொறுக்கினாள். டிராக்டர் ஓட்டிய புருஷன் போனபோது லயமே கூடுகிற மாதிரி மாரில் அடித்துக்கொண்டு அழுதாள். தோட்டம் கைமாறியதும் இந்த மலிவு வீட்டுக்கு வந்து, பள்ளிக் கேண்டீனில் தட்டுக் கழுவி மகனை ஆளாக்கினாள். இந்த முறை அழுகை வரவில்லை. வந்தவர்கள் அதற்காகக் காத்திருந்தது அவளுக்குத் தெரிந்தது. துணி மடித்தாள். மடித்ததைப் பிரித்து மறுபடி மடித்தாள்.

சியூ யென் முதலில் செய்து பார்த்தது குழம்பாகிவிட்டது. தவ்ஃபூவில் தண்ணீர் நின்றிருந்தது. அடுத்த முறை துணியில் கட்டி, அம்மிக் குழவியை மேலே வைத்து வடித்தாள். கையால் பெரிது பெரிதாகப் பிய்த்து, மஞ்சள் தூள் பிரட்டி, ஓரம் சிவக்கப் பொரித்தாள். தக்காளியைத் தனியாகச் சீனி போட்டு வதக்கி அதில் சேர்த்தாள். பார்க்க முட்டைதான். வாசம்தான் சோயா. கோலசிலாங்கூரில் தமிழர் மளிகைக் கடைக்காரர், இது முட்டை மாதிரி மணக்கும் என்று, பானி பூரிக்குப் போடுகிற கறுப்பு உப்பை எடுத்துக் கொடுத்தார். அடுப்பை அணைத்த பிறகு ஒரு சிட்டிகை தூவினாள். முட்டை வாசம் வீடு முழுக்க எழும்பியது. அன்றைக்குத்தான் அவள் முகத்தில் கொஞ்சம் உயிர் தெரிந்தது. கரண்டியை மாமியாரிடம் நீட்டி, "எப்படிமா?" என்றாள். நல்லாருக்கு என்றாள் விஜயராணி. எதைக் கொடுத்திருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பாள்.

கருமாதியன்று காலையில் எல்லாரும் கடற்கரைக்குக் கிரியை செய்யப் போனார்கள். சமையலுக்கு மாமியாரும் மருமகளும் தங்கினார்கள். செத்தவருக்கு ஆக்குவதை வாயில் வைத்துப் பார்க்கக் கூடாது. உப்புச் சரியா என்று எப்படித் தெரியும் என்று சியூ யென் கேட்டதற்கு, கண்ணளவுதான் என்று சொல்லிவிட்டு இராஜம்மா வேனில் ஏறினாள். ஏறும்போது, பக்கத்திலேயே இருந்து பார்த்துக்கொள்ளும்படி அண்ணியிடமும் சொன்னாள்.

விஜயராணி பக்கத்தில்தான் இருந்தாள். பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து, குழாய் சொட்டுவதைப் பார்த்தாள்.

மதியம் இலை போட்டார்கள். படத்துக்கு முன்னால் சோறு, பருப்பு, வாழைக்காய், வடை எல்லாம் வந்தன. கடைசியாகச் சியூ யென் கிண்ணத்தை இரண்டு கையாலும் ஏந்தி வந்தாள். இராஜம்மா குறுக்கே நின்றாள்.

"அண்ணி, இது முட்டை."

"தவ்ஃபூதான்" என்றாள் சியூ யென், தமிழில்.

"என் மூக்கு எஸ்டேட் மூக்குலா. அடுத்த லயத்துல கருவாடு சுட்டாலும் எந்த மீனுன்னு சொல்லிரும்." இராஜம்மா போய்க் குளிர்பெட்டியைத் திறந்தாள். கதவில் முட்டைகள் இருந்தன. முன்பே வாங்கி வைத்த முட்டைதான். ஆனால் எத்தனை இருந்தன என்று யாருக்குத் தெரியும்? புருஷன் மேல் இருந்த ஆசையில் கடைசி நேரத்தில் ஒன்றை உடைத்து ஊற்றியிருப்பாள் என்று இராஜம்மா கூடத்துக்கே கேட்கச் சொன்னாள். தின்று பார்த்தால் தெரிந்துவிடும். ஆனால் படைக்கும் முன் யாரும் தின்ன முடியாது.

கிரியை செய்ய வந்த பண்டாரம் செல்லனுக்கு இன்னொரு வீட்டுக்கும் போக வேண்டியிருந்தது. "வீட்டம்மா கூடத்தான இருந்தாங்க. அவங்க சொல்லட்டும். சொன்னா வச்சிரலாம், இல்லன்னா வேணாம்."

விஜயராணி காலையை நினைத்துப் பார்த்தாள். குழாய் சொட்டியது. அடுப்பு எரிந்தது. சியூ யெனின் முதுகு. அந்த முதுகுக்கு அப்பால் சட்டியில் என்ன விழுந்தது என்று எவ்வளவு தேடியும் வரவில்லை. முட்டை விழுந்திருந்தாலும் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். சியூ யென் இன்னும் கிண்ணத்தை ஏந்தியபடியே நின்றாள்.

"நான்தான் ஆக்குனேன்" என்றாள். "முட்டை இல்ல."

இராஜம்மா அண்ணியின் கையைப் பார்த்தாள். சுத்தமாக இருந்தது. சியூ யெனின் நகமெல்லாம் மஞ்சள். நாலு பேர் முன்னால் அவள் அண்ணியை இதுவரை பொய்க்காரி ஆக்கியதில்லை. குளிர்பெட்டியைச் சாத்திவிட்டு நகர்ந்துகொண்டாள்.

"நீயே வைம்மா" என்றாள் விஜயராணி, மருமகளிடம். சியூ யென் மண்டியிட்டு, சோற்றுக்குப் பக்கத்தில் இரண்டு கரண்டி வைத்தாள். பண்டாரம் சூடம் ஏற்றினார்.

பிறகு எல்லாருக்கும் இலை விழுந்தது. இராஜம்மா ஒரு துண்டை எடுத்து வாயில் போட்டாள். மென்றாள்.

"தவ்ஃபூதான்" என்றாள். "உப்புத்தான் தூக்கலா இருக்கு. இத்தன வருஷம் ஆக்கியும் ஒங்களுக்கு உப்பு போடத் தெரியலயே அண்ணி."

யாரோ சிரித்தார்கள். சியூ யென் தலை நிமிரவில்லை. கண்ணீர் இலையில் சொட்டியது. விஜயராணி தன் இலையில் இருந்ததைத் தின்றாள். உப்பாகவும் தெரியவில்லை, முட்டையாகவும் தெரியவில்லை. இடது கையால் கிண்ணத்தை நகர்த்தி மருமகளின் பக்கம் வைத்தாள்.