வேன் வராத ஜனவரி

வெர்லின் ஸ்டாம்பர் முப்பத்தொரு வருஷம் அமெரிக்காவின் கெண்டக்கி மலையோரத்து மளிகைக் கடை ஒன்றில் இறைச்சி வெட்டினார். எலும்பு எங்கே இருக்கிறது என்று பார்க்காமலே கத்தி வைப்பார் என்பது ஊர்ப் பேச்சு. எழுபத்தாறு வயதில் இப்போது உண்மையாகவே பார்க்க முடியாது. இரண்டு கண்ணிலும் நடுவில் மட்டும் கறுப்பு வட்டம், ஓரமெல்லாம் தெரியும். ஆளின் முகம் தெரிய வேண்டுமென்றால் அந்த ஆளின் காதைப் பார்த்துத்தான் பேசுவார்.

அப்பேர்ப்பட்டவர்தான் வீட்டில் கடிதங்களுக்குப் பொறுப்பு. மனைவி ஒனைடாவுக்கு அச்சடித்த காகிதத்தைக் கண்டாலே கொட்டாவி வரும்.

அக்டோபர் நடுவிலிருந்து டிசம்பர் ஏழு வரை அந்த ஊர்க் கிழவர்களின் தபால் பெட்டிகளுக்கு மூச்சு முட்டும். முதியவர்களின் மருத்துவக் காப்பீட்டை மாற்றிக்கொள்ள வருஷத்தில் அந்த ஏழெட்டு வாரம்தான். ஒவ்வொரு விளம்பர உறையின் மேலும் ஒரு கிழ ஜோடி படத்தில் சிரித்துக்கொண்டிருக்கும். இத்தனை பல் யாருக்கப்பா மிச்சம் இருக்கிறது என்று வெர்லின் பூதக்கண்ணாடியை வைத்துத் தேடுவார். அந்தக் குவியலில்தான் அகப்பட்டது அந்தக் கடிதம்: ஒனைடாவின் ரத்தம் உறையாமல் இருக்க அவள் விழுங்கும் மாத்திரை, அடுத்த வருஷம் அவளுடைய காப்பீட்டின் பட்டியலில் இல்லை.

அவர் சும்மா இருப்பாரா? மாத்திரைக்கென்றே தனியாக ஒரு காப்பீடு விற்கும் கம்பெனிக்குப் போன் போட்டார். பேசிய பெண் தேன் மாதிரி பேசினாள். கடைசியில் கடகடவென்று ஏதோ வாசித்து, புரிந்ததா, சம்மதமா என்று ஏழு தடவை கேட்டாள். அவர் ஏழு தடவையும் ஆமாம் மேடம் என்றார். ஒரு பெண் அவ்வளவு மரியாதையாகக் கேட்கும்போது இல்லை என்று சொல்லி வளர்ந்தவரில்லை. ஒனைடாவும் பக்கத்திலிருந்து தன் பங்குக்கு ஒரு ஆமாம் சொன்னாள், கொட்டாவியோடு. மாத்திரை கிடைத்துவிட்டது. அன்று முழுக்க மனிதர் மார்பை நிமிர்த்திக்கொண்டு நடந்தார்.

ஒனைடாவின் பழைய காப்பீட்டில் டாக்டர், ஆஸ்பத்திரி, மாத்திரை எல்லாம் ஒரே மூட்டை. திங்கள், புதன், வெள்ளி அவளை டயாலிசிஸுக்கு நாற்பது மைல் கூட்டிப்போய்த் திரும்பக் கொண்டுவரும் வேனும் அந்த மூட்டைக்குள்தான். மாத்திரைக்குத் தனிக் காப்பீடு வாங்கினால் பழைய மூட்டை தானாகக் கழன்றுவிடும் என்பது சட்டம். சிகிச்சைக்கு அரசாங்கக் காப்பீடு பணம் கட்டும், வேனுக்குக் கட்டாது. அதைச் சொல்லியும் ஒரு கடிதம் வந்திருந்தது. சிரிக்கிற ஜோடி போட்ட உறையில் வந்ததால் குப்பைக்குப் போயிற்று.

ஜனவரி முதல் திங்கட்கிழமை வேன் வரவில்லை. வெர்லின் எல்லா எண்ணுக்கும் போன் செய்தார். மாத்திரைக் கம்பெனி அவர் குரலையே போட்டுக் காட்டியது. ஏழு ஆமாம், சுத்தமாக. பழைய கம்பெனிப் பெண் இன்னும் நல்லவள்.

"மனுப் போடலாம் சார். பதில் வர நாளாகும். இல்லைன்னா அக்டோபர்ல திரும்பச் சேரலாம், அடுத்த ஜனவரியிலேருந்து வேன் வரும்."

"அதுவரைக்கும் அவ கிட்னியைக் காத்திருக்கச் சொல்லவாம்மா?"

"உங்க காப்பீடு இன்னும் எங்ககிட்டதான் இருக்கு சார். உங்களுக்கு எப்போ வேணும்னாலும் வேன் உண்டு."

வெர்லினுக்கு மூளை வேலை செய்தது. அப்படியென்றால் டயாலிசிஸ் நிலையத்துக்கு எனக்கு ஒரு வேன் அனுப்பு, துணைக்கு என் பெண்டாட்டி வருவாள் என்றார். நீங்கள் அங்கே நோயாளி இல்லையே என்று அவள் உண்மையான வருத்தத்தோடு சொன்னாள். தன் கிட்னி நன்றாக இருப்பதற்காக வாழ்க்கையில் முதல்முறையாக அவர் மன்னிப்புக் கேட்டார்.

சர்ச் ஆட்கள் இரண்டு வாரம் மாறி மாறிக் கொண்டுபோய் விட்டார்கள். அவர்களுக்கும் வேலை இருக்கிறது. மூன்றாவது வாரம் புதன்கிழமை யாரும் இல்லை. ஒனைடாவே காரை எடுத்தாள். போகும்போது அவளால் ஓட்ட முடியும். நாலு மணி நேரம் ரத்தம் வெளியே போய்த் திரும்பி வந்த பிறகுதான் முடியாது.

மாலை நாலு மணிக்கு நிலையத்தின் வாகன நிறுத்தத்தில் இருவரும் காருக்குள் உட்கார்ந்திருந்தார்கள். ஐந்தரைக்கு இருட்டிவிடும். மலைப்பாதையில் பனி உறைந்துவிடும்.

வெர்லின் கையைத் தூக்கினார். "எத்தனை விரல்?"

"நாலு. இல்ல, ரெண்டு." ஒனைடா ஸ்டியரிங் மேல் நெற்றியை வைத்துக்கொண்டாள். "கையை ஆட்டாதே கிழவா."

அவர் ஆட்டவில்லை. அதைச் சொல்லவும் இல்லை. ஹீட்டரை அவள் பக்கம் திருப்பினார்.

"என்னாலதான் ஒனைடா."

"மாத்திரை கிடைச்சுதுல்ல."

"கிடைச்சுது."

"அப்புறம் என்ன. கொஞ்சம் பேசாம இரு, சுத்துற உலகம் நிக்கட்டும்."

நேராகப் பார்த்தால் அவள் இல்லை, கறுப்புத்தான். அதனால் தலையைத் திருப்பி ஜன்னல் பக்கம் பார்த்தார். அப்போது கண்ணோரத்தில் அவள் தெரிந்தாள், கண்ணை மூடியபடி. கண்ணாடிக்கு வெளியே வெளிச்சம் குறைய ஆரம்பித்திருந்தது.