தேநீர்த் தட்டோடு ஓர் என்ட்ரி

ஷார்ஜாவில் நான் கார் ஓட்டும் வீட்டில், மேடத்தின் அப்பா பழைய பிரிட்டிஷ் சினிமா நடிகர். தொண்ணூறைத் தாண்டியவர். கறுப்பு வெள்ளைப் படங்களில் கடைசிவரை வேலைக்காரன் வேடம்தான். தேநீரை வைப்பார், போய்விடுவார். ஒரு விடுமுறை நாளில் அவரை எங்கள் ரூமுக்கு அழைத்துப் போனேன். "அப்பா மனசு நோகக் கூடாது" என்று மேடம் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார்.

பிரியாணி முடிந்து அவர் படத்தைப் போட்டோம். திரையில் கதவு திறந்தது. தட்டோடு இளமையாக அவர் வந்தார்.

"டேய், தலைவர் என்ட்ரிடா!" என்று ரூம்மேட் முருகேசன் கத்தினான். விசில் கூரையைத் துளைத்தது. கிழித்த பேப்பர் மழையாகக் கொட்டியது.

அவர் முகம் இறுகியது. கேலி என்று நினைத்துவிட்டார்.

"பாவிகளா, என் வேலை கலாஸ்டா, போச்சு!" என்று அலறிவிட்டு, தெரிந்த ஆங்கிலத்தில் அவரிடம் சொன்னேன்: "சார், எங்க ஊர்ல ஹீரோ வந்தாத்தான் இப்படிச் செய்வோம்."

அவர் எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தார். கண்கள் மினுங்கின.

"இன்னொரு தடவை போடுங்க" என்றார்.

எத்தனை தடவை போட்டோமோ! கடைசியில் அவரே விசிலடிக்கப் பார்த்தார்; பல்செட் ஒத்துழைக்கவில்லை.

இப்போதெல்லாம் எந்தப் படத்திலும் என் கண், திரையின் ஓரத்துக் கதவைத்தான் தேடுகிறது. அதற்குப் பின்னால் யாரோ தன் ஒரு நொடிக்காகத் தலைவாரி நிற்கிறார்.