மணப்பட்டுக் கடல் குதிரையும் எங்கள் போர் தண்ணீரும்

ஆண் குதிரை பிள்ளை பெறும் என்று நான் சொன்னதில்தான் இந்தப் பயணம் ஆரம்பித்தது. கடல் குதிரையைத்தான் சொன்னேன். மதகடிப்பட்டு டீக்கடையே சிரித்தது. "மணப்பட்டுக் கடற்கரையில் என் கண்ணாலேயே பார்த்திருக்கிறேன்" என்று ஒரு போடு போட்டேன். செல்போனில் பார்த்தாலும் கண்ணால் பார்த்ததுதானே? என் மனைவியின் தம்பி ஏழுமலை விடவில்லை. நான் எது சொன்னாலும் பாதியைத் தள்ளிவிட்டு மீதியைத்தான் காதில் ஏற்றிக்கொள்கிற ஆள்.

"ஃபோட்டோ எடுத்தாந்து காட்டு மாமா. இல்லன்னா இந்தக் கடையில இனிமே நீ வாயே தொறக்கக் கூடாது."

தை மாதம், ஞாயிற்றுக்கிழமை, விடியற்காலை ஐந்து மணி. அவனைப் பின்னால் உட்காரவைத்து வண்டியை எடுத்தேன். பாகூர் வழியாக முப்பது கிலோமீட்டர். (வண்டி இருபத்திரண்டு என்று காட்டியது. பழைய மீட்டர்.) பெட்ரோல் நூறு ரூபாய்க்குப் போட்டால் போய்வரத் தாராளம்.

பனியில் கரும்பெல்லாம் மறைந்து தோகை மட்டும் ஆகாயத்தில் மிதந்தது. பாகூர் ஏரிப் பக்கம் தண்ணீர் எது, பனி எது என்றே தெரியவில்லை. ஒரு நாரை இரண்டுக்கும் நடுவில் நின்று யோசித்துக்கொண்டிருந்தது.

மணப்பட்டில் கரைவலை இழுத்து முடித்திருந்தார்கள். கடல் அரிசி கழுவிய தண்ணீர் நிறத்தில் சும்மா கிடந்தது. மீன் பிரித்துக்கொண்டிருந்த தனலட்சுமி என்ற அம்மாளிடம் விசாரித்தேன்.

"உனுக்கு நேரம் நல்லாருக்குய்யா" என்று பக்கத்திலிருந்த பிளாஸ்டிக் டப்பாவைக் காட்டினார். "பாசியோட மாட்டிக்கினு வந்துச்சு. கறுப்பு நெறய பாத்துருக்கேன். இப்புடி முள்ளு வச்ச மஞ்சளு, நான் இந்த ஊருக்கு வாக்கப்பட்டு வந்ததுலேர்ந்து பாத்ததில்ல. ஆம்பள. வயித்தப் பாரு, புள்ளத்தாச்சி. வச்சிருந்தா கேஸு. மீன பிரிச்சி முடிச்சிட்டு முகத்துவாரத்துல வுடணும்."

விரல் நீளம்தான். தலையில் கிரீடம், உடம்பெல்லாம் முள், மஞ்சள் கிழங்கு நிறம். ஒரு பாசித் துண்டை வாலால் பிடித்துக்கொண்டு, தூக்கத்தில் நிற்கிற மாதிரி நின்றது. வயிற்றுப் பை உப்பியிருந்தது.

தண்ணீர் ஒரே கலங்கல். ஃபோட்டோ விழாது. அதுவும் பாவம், நாக்கு வறண்டிருக்குமே என்று என் பாட்டிலைத் திறந்து ஊற்றினேன். எங்கள் கொல்லையில் போர் போட்டு எடுத்த தண்ணீர், இளநீர் தோற்கும்.

"யோவ்! இன்னாய்யா ஊத்துன? நல்ல தண்ணியா? கடல்ல பொறந்ததுய்யா அது!"

எங்கள் பக்கம் போரில் உப்பு ஏறினால் நாற்று கருகும், வீடே அழும். உப்புக்கு மருந்து நல்ல தண்ணீர் என்றே வளர்ந்தவன் நான். ஆனால் அங்கே வால் பாசியை விட்டுவிட்டது. குதிரை பக்கவாட்டில் சாய்ந்தது.

"வேடிக்க பாக்காத! கையில ஏந்திக்கினு ஓடு!"

ஓடினேன். மான் மாதிரி ஓடினேன். வாத்து மாதிரி என்பது ஏழுமலையின் பாடம். முகத்துவாரத்தில் அலையில்லாத இடமாகப் பார்த்து, இடுப்பளவு தண்ணீரில் நின்று இரண்டு கையையும் உள்ளே விட்டேன். உள்ளங்கையில் அது அசையாமல் கிடந்தது. பிழைத்தால் போதும் என்று தெரிந்த சாமியை எல்லாம் கூப்பிட்டேன்.

பிறகு என் சுண்டு விரலை ஏதோ மெல்லச் சுற்றியது. வால்.

காலை வெயில் தண்ணீருக்குள் இறங்கி வந்தது. குதிரை நிமிர்ந்து, முன்னால் குனிந்து, நிமிர்ந்து, மறுபடியும் குனிந்தது. வயிற்றிலிருந்து புகை மாதிரி ஒன்று வெளியே வந்தது. உற்றுப் பார்த்தால் சீரகம். அத்தனை சீரகமும் நின்றுகொண்டே மிதந்தது. ஒவ்வொன்றுக்கும் தலை, ஒவ்வொன்றுக்கும் வால். என் விரல்களுக்கு நடுவில் புகுந்து, ஒரு சத்தமும் இல்லாமல், வெளிச்சத்துக்குள் போய்விட்டன. கடைசியில் அப்பனும் என் விரலை விட்டுவிட்டுப் பாசிக்குள் போனது.

திரும்பிப் பார்த்தேன். ஏழுமலை செல்போனை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு நின்றான்.

"எடுத்தியாடா மச்சான்?"

"மறந்துட்டேன் மாமா."

போகிறவர்களுக்கு: ஏழு மணிக்குள் போய்விடுங்கள், பிறகு கரை காலியாகிவிடும். கடல் குதிரை கண்ணில் படுவது அவரவர் அதிர்ஷ்டம். விலைக்குக் கேட்காதீர்கள், சட்டம் விடாது. குடிதண்ணீர் கொண்டுபோங்கள். நீங்கள் மட்டும் குடியுங்கள்.

திரும்பும்போது டீக்கடையில் வண்டியை நிறுத்தி நடந்ததை அப்படியே சொன்னேன். வழக்கம்போலச் சிரித்தார்கள். "இதுல எவ்ளோ தள்ளணும் ஏழுமலை?" என்று கடைக்காரர் கேட்டார்.

அவன் டீ கிளாஸைக் கீழே வைத்தான்.

"மாமா கம்மியாத்தான் சொல்றாருப்பா."