கடல் இரண்டு முறை வந்தது

ஆய்வகத்தில் அவளை ஊசிக்கண் என்றுதான் கூப்பிடுவார்கள். பட்டப்பெயர் வைத்தவர் என்றைக்கோ ஓய்வு பெற்றுப் போய்விட்டார். பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டது. பூமியைத் துளைத்து எடுத்த மண் நீள நீளக் குழாய்களில் வரும். அதைத் துண்டு போட்டு, கழுவி, சலித்து, மிஞ்சிய பொடியை மைக்ராஸ்கோப்புக்கு அடியில் பரப்பி, பழங்காலக் கடலில் வாழ்ந்த நுண்ணுயிர்களின் ஓடுகளை ஈரத் தூரிகை நுனியால் ஒவ்வொன்றாகப் பொறுக்குவது அவள் வேலை. செடிகளின் மகரந்தம் வேண்டுமென்றால் மண்ணை அமிலத்தில் போட வேண்டும். கல் கரையும், மகரந்தம் கரையாது. பத்தொன்பது வருடம் இதையே செய்தவள். ஒரு ஓட்டைப் பார்த்த மாத்திரத்தில் அது ஆழ்கடலா கழிமுகமா என்று சொல்லிவிடுவாள். படித்தது என்னவோ பள்ளிக்கூடத்தோடு சரி.

அவள் நாத்தனார் அப்படியில்லை. மாமியார் கண்மூடியபோது அவளுக்குப் பதின்மூன்று வயது. தலை பின்னிவிட்டதிலிருந்து, தேர்வுக்குக் கூடவே விழித்திருந்தது வரை எல்லாம் அண்ணிதான். அந்தப் பெண் முனைவர் பட்டம் வாங்கி அதே ஆய்வகத்துக்கு ஆய்வாளராக வந்தபோது, ஊசிக்கண் இரண்டு நாள் தரையில் கால் பாவாமல் நடந்தாள்.

கடலிலிருந்து வெகுதூரம் தள்ளியிருந்த ஒரு சமவெளியின் மண் அந்த வருடம் வந்தது. பல்லாயிரம் வருடங்களுக்கு முன் கடல் அங்கே ஒரு முறை ஏறி இறங்கியது என்று எல்லோரும் எழுதி வைத்திருந்தார்கள். ஊசிக்கண் நாத்தனாரைக் கூப்பிட்டுக் காட்டினாள்.

"இங்க பாரு. கீழ கடல் ஓடு. அதுக்கு மேல வெறும் பெரணிச் செடியோட தூள். அப்புறம் மரத்தோட மகரந்தம். அதுக்கும் மேல திரும்பவும் கடல் ஓடு."

"சாம்பிள் மாறியிருக்கும் அண்ணி."

"என் கையில எப்பம்மா மாறியிருக்கு?"

ஊசிக்கண் விடவில்லை. மதிய இடைவேளைகளில் உட்கார்ந்து ஏழு மாதம் எண்ணினாள். கடல் வந்து காட்டைக் கொன்றிருக்கிறது. வெறும் மண்ணில் முதலில் பெரணி முளைத்திருக்கிறது. மரங்கள் தலையெடுத்த பிறகு மறுபடியும் கடல். அடுக்கு அடுக்காக ஒரு நோட்டில் எழுதினாள். "ரெண்டு நாள் குடுங்க அண்ணி, பாத்துட்டுத் தரேன்" என்று நாத்தனார் அதை வாங்கிப் போனாள்.

நோட்டு திரும்பி வரவில்லை. இடையில், மூன்று கண்ணாடி ஸ்லைடுகளில் இருந்த புல் மகரந்தம் ஊசிக்கண்ணுக்கு உறுத்தியது. உற்றுப் பார்த்தாள். உள்ளே சதை வற்றாமல் இருந்தது. பழையது அல்ல; தான் திறந்து வைத்த ஜன்னல் வழியாக வந்து விழுந்தது. அந்த மூன்றிலும் சிவப்பு மையால் பெருக்கல் குறி போட்டு, தேதி எழுதி, புதிதாக மூன்று செய்தாள்.

"நோட்டைக் குடும்மா, மூணு இடத்துல திருத்தணும்."

"அப்புறம் அண்ணி."

அந்த அப்புறம் வரவேயில்லை. ஒரு நாள் ஆய்வகக் கூடத்தில் நாத்தனாரின் உரை. ஸ்லைடு பெட்டியை எடுத்துவரச் சொல்லியிருந்தார்கள். ஊசிக்கண் கதவோரம் நின்றாள். "கடல் இரண்டு முறை வந்தது. நடுவில் பெரணி மட்டும் சாட்சி." மேடையில் நாத்தனார் சொன்னது ஊசிக்கண் நோட்டின் கடைசிப் பக்கத்து வரி, எழுத்து மாறாமல். கட்டுரை அச்சாகிவிட்டது என்றும் அப்போதுதான் தெரிந்தது. கைதட்டினார்கள். முதல் வரிசையில், தேய்த்த சட்டையோடு ஊசிக்கண்ணின் கணவர்.

அவர் அச்சகத்தில் பிழை திருத்துபவர். வீட்டுக்கு வந்ததும் கேட்டாள்.

"உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?"

"கட்டுரையை நடை சரி பாக்கச் சொல்லிக் குடுத்தா. போன வருஷம்."

"அதுல என் பேரு இல்லைன்னு தெரிஞ்சுதா?"

அவர் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்தார். "சின்னவ. இப்பதான் மேல வர்றா. நம்ம வீட்டுப் பொண்ணுதானே."

"அப்ப நான் யாரு வீட்டுப் பொண்ணு?"

நாத்தனார் திருடியதைவிட, ஒரு வருடம் எதிரே உட்கார்ந்து சாப்பிட்ட மனுஷன் வாய் திறக்காததுதான் அவளுக்கு ஆறவில்லை.

அதோடு முடியவில்லை. வேறொரு ஆய்வாளர் புது ஸ்லைடுகளைக் கேட்டு வாங்கிப் பார்த்து, கட்டுரையில் சொல்லியிருக்கும் புல் மகரந்தம் இவற்றில் எங்கே என்று எழுதிவிட்டார். ஆய்விதழின் அடுத்த இதழில் நாத்தனார் பெயரில் ஒரு திருத்தம் வந்தது: 'மூன்று அடுக்குகளில் ஆய்வக உதவியாளர் செய்த பிழை.' அவளைப் பற்றி அச்சில் வந்தது அவ்வளவுதான்.

அன்று நேராக நாத்தனார் அறைக்குள் போனாள்.

"பிழை என்னோடதுதான். கண்டுபிடிச்சதும் நான்தான். திருத்தணும்னு நோட்டைக் கேட்டேனே, ஞாபகம் இருக்கா?"

"வேற என்ன அண்ணி எழுதச் சொல்றீங்க? என் வேலையே போயிருக்கும்."

"தப்புக்கு மட்டும் நான், மத்ததுக்கெல்லாம் நீயா?"

நாத்தனார் கணினியைப் பார்த்துக்கொண்டே, "வீட்டுல பேசிக்கலாம்" என்றாள்.

வீட்டில் பேச ஒன்றுமில்லை. இயக்குநரிடம் போனாள். "பேரு சேக்கறது ஆய்வாளர் இஷ்டம்மா, நான் என்ன செய்ய" என்று அவர் கையை விரித்தார். பிறகு அவளே இதழுக்குக் கடிதம் எழுதினாள். சிவப்புக் குறி போட்ட ஸ்லைடுகளைத் தேதி தெரியப் படமெடுத்துக் கடிதத்தோடு வைத்தாள். ஐந்து மாதம் கழித்துப் பதில் வந்தது. உதவியாளரின் பிழை என்ற வாசகத்தை நீக்குகிறோம். கட்டுரையில் மாற்றமில்லை.

நாத்தனாருக்கு வேறு ஊரில் பெரிய வேலை கிடைத்தது. கிளம்பும்போது கதவில் நின்று, "வரேன் அண்ணி" என்றாள். ஊசிக்கண் அடுப்படியை விட்டு வெளியே வரவில்லை. பெட்டியைத் தூக்கிக்கொண்டு அண்ணன்காரர் கூடப் போனார்.

ஊசிக்கண் இப்போதும் அதே மேசையில்தான் பொறுக்குகிறாள். புதிதாக ஏதாவது தென்பட்டால் முதலில் யாரிடமும் சொல்வதில்லை. எழுதி, பிரதி எடுத்து, அலுவலக முத்திரை வாங்கிவிட்டுத்தான் பேசுகிறாள். ஞாயிற்றுக்கிழமைகளில் வீட்டில் போன் அடித்தால் எடுப்பாள். அண்ணி என்ற குரல் கேட்டதும், கணவர் கையில் கொடுத்துவிட்டுத் துணி உலர்த்தப் போய்விடுவாள்.