அலைக்கு வெளியே நின்ற படகு

கடிதத்தில் நாளும் மாதமும் இருக்கின்றன, ஆண்டு இல்லை. நான் வாழ்க்கை வரலாறு எழுதிவரும் ஆங்கிலேயக் கடற்படை அதிகாரி, இளம் லெப்டினன்டாக இருந்தபோது தம் தாய்க்கு எழுதியது. புதுச்சேரிப் படகோட்டிகள் அலைக்குப் பயந்து துடுப்பை நிறுத்தினார்கள், தாம் அதட்டியதால்தான் கரை சேர்ந்தோம் என்கிறார்.

இது 1935. கப்பலிலிருந்து இறங்கி நானும் அப்படியொரு படகில்தான் கரைக்குப் போகிறேன். கடிதத்தைத் தமிழில் சொல்லிக் காட்டியதும், பின்புறம் நின்று படகைச் செலுத்தும் அந்தோணி கையை உயர்த்துகிறார். துடுப்புகள் எல்லாம் நிற்கின்றன.

“பயந்தா நிக்கிறோம்? அந்தத் தொர கப்பல்ல அதிகாரம் பண்ணட்டும். அன்னிக்குப் படக ஓட்டினது எங்கப்பா, படகுல அவரு வச்சதுதான் சட்டம். அவர பயந்தாங்கொள்ளின்னு புஸ்தகத்துல போடுவீங்களோ? அந்த வரிய அடிச்சாத்தான் கரை!”

“மிரட்டினால் அடிக்க மாட்டேன்.”

“மெரட்டலீங்க. பின்னால பாருங்க.”

ஆளுயர அலை ஒன்று எங்களைத் தூக்கி இறக்கிவிட்டு, முன்னால் போய் உடைகிறது.

“இப்ப வலிங்கடா!”

அந்த அலையின் பின்னாலேயே ஓடிப் படகு மணலில் ஏறுகிறது. கடிதம்கூட நனையவில்லை. அதன் ஓரத்தில், ‘பயமல்ல, காத்திருந்தார்கள்’ என்று எழுதுகிறேன். அன்று படகைச் செலுத்தியவர் அந்தோணியின் தந்தைதானா என்பது இன்னும் உறுதியாகவில்லை.