வானத்துப் பேர் வைத்த கல்

போன தை மாதம் எங்கள் ஓடைக்கு ஒரு வேன் நிறையக் காலேஜ் பிள்ளைகள் வந்து இறங்கினார்கள். ஆளுக்கொரு சுத்தியல், முதுகில் ஒரு பை. வெயில் ஏற ஏறத் தட்டித் தட்டிக் கல் பொறுக்கினார்கள். அதில் ஒரு பெண் தண்ணீர் கேட்டு வந்தவள், நீலம் பாய்ந்த ஒரு துண்டை என் கையில் வைத்து, இது என்னவென்று தெரியுமா பாட்டி என்று கேட்டாள். செலஸ்டைட்டு என்றேன். அவள் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டும். நான் மூன்றாம் வகுப்போடு நின்றவள். பஸ்ஸில் ஊர்ப்பேர் படிப்பேன், கையெழுத்துப் போடுவேன், மற்றதெல்லாம் எழுத்துக் கூட்டித்தான். ஆனால் அந்தப் பேர் ஒன்பது வயதிலேயே எனக்குத் தெரியும். அது எங்கள் வீட்டில் என்ன செய்தது என்பதை அந்தப் பெண்ணிடம் சொல்லவில்லை. இங்கே சொல்கிறேன்.

பெரம்பலூரிலிருந்து காரை என்கிற கிராமத்துக்குப் போகிற பக்கம் எங்கள் ஊர். அப்பாவும் பெரியப்பாவும் ஒரே வீட்டில், ஒரே உலையில் இருந்தவர்கள். பொதுவில் இருந்த புன்செய்க் கொல்லை ஒன்றுதான். அதன் மேற்குப் பக்கம் கரிசல், அதற்குள்ளேயே கிணறு, பருத்தி போட்டால் இடுப்பு உயரம் வரும். கிழக்குப் பக்கம் ஓடை அரித்த களிமண் மேடும் பள்ளமும். பரப்பு பெரிது, ஆட்டை விட்டால் அது கூட யோசித்துத்தான் இறங்கும்.

எனக்கு ஒன்பது வயது நடந்த வருசம்தான் சர்க்கார் ஆபீசர் ஒருவர் ஏரிக்கரையில் கூடாரம் அடித்தார். ஊர் ஆட்களைக் கூலிக்கு வைத்து எங்கள் ஓடையில் குழி வெட்டினார். எடுத்த கல்லை ஒவ்வொன்றாகத் துணிப்பையில் போட்டு, ஒரு சீட்டில் என்னவோ எழுதி உள்ளே வைத்துக் கட்டுவார். அவர் என்ன எழுதினார் என்பதுதான் ஊருக்குள் பேச்சு. பேரைச் சொல்லாமல் மறைக்கிறான், அப்படியென்றால் விலை உள்ள கல்தான் என்றார் அப்பா. ஆபீசரிடம் ஒருவரும் பேரைக் கேட்கவில்லை என்பதுதான் உண்மை. கேட்டால் நமக்குத் தெரியாது என்பது அவனுக்குத் தெரிந்துவிடுமாம்.

அதற்குப் பிறகு வீட்டுக்குள் ஒரு வேடிக்கை ஆரம்பித்தது. பெரியப்பா கொல்லையிலிருந்து வரும்போது துண்டில் முடிச்சு இருக்கிறதா என்று அப்பா பார்ப்பார். அப்பா குளிக்கப் போனால் அவர் கழற்றிப் போட்ட வேட்டியைப் பெரியப்பா நகர்த்திப் பார்ப்பார். அம்மா ஒரு நாள் சோளப்பானைக்குள் கையை விட்டவள் நாலு கல்லை எடுத்தாள். அதை அப்பாதான் வைத்திருந்தார். பெரியம்மாவின் வரகுப்பானையிலும் கல் இருந்ததை அம்மா எப்படிக் கண்டுபிடித்தாள் என்று கேட்கக் கூடாது.

இந்த நிலைமையில்தான் பாகம் பிரிப்பது என்று முடிவாயிற்று. எங்கள் பக்கம் வழக்கம் ஒன்று உண்டு. பங்கை மூத்தவர்தான் வகுத்து வைப்பார். எந்தப் பங்கு வேண்டும் என்று முதலில் எடுப்பது இளையவர். ஏமாற்றி வகுத்தால் ஏமாறுவது வகுத்தவராகவே இருக்கட்டும் என்று யாரோ விவரமானவர் செய்து வைத்த ஏற்பாடு. பெரியப்பா கிணறும் கரிசலுமாக மேற்கே ஒன்று, பரப்பு கூட்டி ஓடையும் மேடுமாகக் கிழக்கே ஒன்று என்று வகுத்தார். யார் பார்த்தாலும் மேற்குதான் நல்ல பங்கு. முதலில் எடுக்கப் போகிற தம்பிக்கு அதையா இவ்வளவு லேசாக விடுவார் என்று அப்பாவுக்குத் தூக்கம் பிடிக்கவில்லை.

கூடாரத்துக்குப் பால் எங்கள் வீட்டிலிருந்து போனது. கொண்டு போவது நான். அப்பா என்னைக் கூப்பிட்டு, கேட்கிற மாதிரி இல்லாமல் கேட்டு வா என்று சொல்லி அனுப்பினார். ஒன்பது வயதுப் பிள்ளைக்கு அது எப்படி வரும்? சொம்பை வைத்துவிட்டுக் கல்லையே பார்த்துக்கொண்டு நின்றேன். ஆபீசர் சிரித்துவிட்டார்.

"கல்லைக் கேக்கத்தானே நிக்கிறே? இதுக்குப் பேர் செலஸ்டைட். எங்க, சொல்லு."

மூன்று தரம் சொன்னேன். மூன்றாம் தரம் சரியாக வந்தது. கல்லை வெயிலில் தூக்கிக் காட்டினார். மழை விட்ட காலையில் வானம் வெளுத்து இருக்குமே, அந்த நீலம். அந்த நிறத்துக்காக வானத்தின் பேரையே வெளிநாட்டுப் பாஷையில் இதற்கு வைத்திருக்கிறார்கள் என்றார். கையில் கொடுத்தார், உருவத்துக்குப் பொருந்தாத கனம். அப்புறம் ஒரு சீசாவில் இருந்த தண்ணீரில் கம்பியை நனைத்து, கல்லின் பொடியைத் தொட்டு, சின்ன விளக்கில் காட்டினார். தீ செக்கச்செவேல் என்று ஆயிற்று. மத்தாப்பில் சிவப்பு எரிகிறதே, அதற்கு இதிலிருந்துதான் மருந்து எடுக்கிறார்கள் என்றார். நான் சொம்பை மறந்துவிட்டுக் கிளம்பினேன். கூப்பிட்டுக் கொடுத்தவர் இன்னொன்றும் சொன்னார்.

"உங்க ஓடையில இது வெரல் தண்டிக்கு ஒரு கோடுதான் ஓடுது பாப்பா. மொத்தத்தையும் தோண்டினாலும் ஒரு மாட்டுவண்டி தேறாது. யாருக்கும் ஒண்ணும் ஆகப்போறதில்ல. வூட்ல சொல்லிடு."

வழி நெடுக எல்லாவற்றையும் சொல்லிப் பார்த்துக்கொண்டே வந்தேன். வீட்டில் அப்பா, அம்மா, பாகத்துக்காக வந்திருந்த அத்தை மூன்று பேரும் என்னைச் சுற்றி உட்கார்ந்தார்கள். என் பேச்சுக்கு அந்த வீட்டில் அதுவரை யாரும் அடுப்பை அணைத்துவிட்டு வந்து உட்கார்ந்ததில்லை. பேரைச் சொன்னேன். வானத்தைச் சொன்னேன். சிவப்புத் தீயைச் சொன்னேன். சொல்லச் சொல்ல அவர்கள் இன்னும் கிட்ட வந்தார்கள். மாட்டுவண்டியைச் சொன்னால் எழுந்து போய்விடுவார்கள் என்று தெரிந்தது. அதை விட்டுவிட்டேன். மறந்து போகவில்லை. விட்டேன்.

அப்பா நான் சொன்ன உண்மையை நம்பவில்லை.

"தரையில கெடக்குற கல்லுக்கு எவன் வானத்துப் பேரு வைப்பான்? புள்ளைகிட்ட என்னமோ கதை வுட்ருக்கான்."

நெருப்பை மட்டும் நம்பினார். உள்ளே சிவப்பு இல்லாமல் தீ ஏன் சிவக்க வேண்டும்? அதற்குள் சிவப்புக்கல் இருக்கிறது, உடைக்கத் தெரிந்தவன் உடைத்தால் கிடைக்கும் என்று அவராகவே முடிவு கட்டினார். மறுநாள் பெரியம்மா கிணற்றடியில் அம்மாவிடம், மேக்கால பங்கை எடுக்கச் சொல்லு என்று ரகசியமாகச் சொன்னாள். அம்மா அதை அப்படியே வந்து சொன்னாள். அப்பா சிரித்த சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது. "பாத்தியா, வெளிய வந்துருச்சு" என்றார். கல் இருக்கிற கிழக்கைத் தங்களுக்கு வைத்துக்கொள்ளத்தான் இந்த ரகசியம் என்பது அவர் கணக்கு.

பாகம் பிரிக்கிற அன்று காலையில் அய்யனார் கோயில் வேம்படியில் பெரியவர்கள் பத்துப் பேர் கூடினார்கள். இரண்டு வாழையிலையில் இரண்டு பங்கின் மண்ணையும் பெரியப்பா தன் கையால் வைத்தார். ஒன்று கருப்பு, மற்றது வெளிறிய களி. அப்பா குனிந்தபோது பெரியப்பா, கொஞ்சம் இரு என்று சொல்லிவிட்டு என்னைப் பக்கத்தில் கூப்பிட்டார். எல்லாருக்கும் கேட்கிற மாதிரிதான் கேட்டார்.

"ஏம் பாப்பா, ஆபீசரு வேற எதுவும் சொன்னாரா?"

"இல்ல பெரியப்பா" என்றேன்.

அவர் என் முகத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தார். அப்பாவுக்குப் பொறுமை போயிற்று. புள்ளைய ஏன் மெரட்டுற என்று சொல்லிக்கொண்டே களிமண் இலையைத் தூக்கிவிட்டார். பெரியவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். இலையை எடுத்தால் எடுத்ததுதான். மாற்றுகிற வழக்கம் கிடையாது. பெரியப்பா தோளில் கிடந்த துண்டை எடுத்து முகத்தைப் பொத்திக்கொண்டார். வானத்துக் கல் கை நழுவிப் போனதற்கு அழுகிறார் என்று எனக்குப் பெருமையாக இருந்தது.

மறுநாள் பால் கொண்டு போனபோது ஆபீசர் சாமான்களைக் கட்டிக்கொண்டிருந்தார். "உங்க பெரியப்பாவும் முந்தாநாள் வந்து கேட்டாரு. உன்கிட்டச் சொன்னதெல்லாம் அவர்கிட்டயும் சொல்லிட்டேன்" என்றார். பெரியப்பா சொல்லிவிடுவார், அப்பா என் தோலை உரித்துவிடுவார் என்று பத்து நாள் பயந்து கிடந்தேன். அவர் சொல்லவில்லை. அதற்கப்புறமும் என்றைக்கும் சொல்லவில்லை. எதிரே பார்த்தால் தலையைத் தடவிவிட்டுப் போவார்.

அப்பா நாலு வருசம் அந்த மேட்டை உடைத்தார். வண்டி ஒன்று கூட நிரம்பவில்லை. சிவப்பு ஒரு பொட்டும் கிடைக்கவில்லை. பிறகு வரகு விதைத்தார், அதுவும் மழை பெய்த வருசம்தான். பெரியப்பா பிள்ளைகள் கிணற்றுப் பாசனத்தில் பருத்தி எடுத்து மாடி வைத்து மெத்தை வீடு கட்டினார்கள். அப்பா சாகிற வரைக்கும், அண்ணன் ராத்திரியோடு ராத்திரியாகக் கல்லை அள்ளிவிட்டான் என்றே சொல்லிக்கொண்டிருந்தார். நான் மாட்டுவண்டியைப் பற்றி அவரிடம் வாய் திறக்கவில்லை. இன்று வரை யாரிடமும் மன்னிப்புக் கேட்டதும் இல்லை.

பெரியப்பா என்னைக் காட்டிக்கொடுக்காமல் காப்பாற்றினார் என்றுதான் வெகுகாலம் நினைத்திருந்தேன். கல்யாணமாகி, என் வீட்டிலும் பாகம் பிரித்த பிறகுதான் வேறு மாதிரி யோசனை வந்தது. அன்று அவர் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் எனக்கு நாலு அடி விழுந்திருக்கும். அவருக்குக் கிணறு போயிருக்கும். தம்பி நம்பமாட்டான் என்று விட்டாரா? பத்துப் பேர் முன்னால் ஒரு பெண்பிள்ளையைப் பொய்க்காரி ஆக்க மனசு வரவில்லையா? கிணறு வேண்டும் என்று நினைத்தவர் என்னைக் கூப்பிட்டுக் கேட்டிருக்கவே மாட்டார். தம்பிதான் வேண்டும் என்று நினைத்தவர் ஒரு தரம் கேட்டதோடு விட்டிருக்கவும் மாட்டார். துண்டுக்குள் அவர் அழுதாரா சிரித்தாரா என்பதை நான் பார்க்கவில்லை.

அன்று எனக்குத் தெரிந்ததெல்லாம் அடி விழவில்லை என்பது மட்டும்தான்.