வாங் தம்பதியின் அரை நாள்

துவான் அக்காவுக்குப் பேய் பிசாசில் நம்பிக்கை கிடையாது. ஆனால் அவருக்குச் சோறு போடுவது செத்துப்போனவர்கள்தான். பெய்ஜிங்குக்கு வடக்கே, மிங் பேரரசர்கள் பதின்மூன்று பேர் அடங்கியிருக்கும் மலையடிவாரத்தில், தனியாக வரும் குடும்பங்களை அரை நாள் சுற்றிக்காட்டுவது அவர் தொழில். அவர் பேசுவார், நான் கார் ஓட்டுவேன். அதற்கு முன் பள்ளியில் சரித்திரம் நடத்திக்கொண்டிருந்தேன். என் வகுப்பில் பிள்ளைகளோடு சேர்ந்து தூங்கிப்போன அரசர்களை எல்லாம் அக்கா ஒரே காலையில் எழுப்பி உட்காரவைத்துவிடுவார்.

எங்கள் பக்கத்துக் கிராமங்கள் எல்லாம் கல்லறைக் காவலர்களின் வழி வந்தவை. ஊருக்கு ஓர் அரசர். ஆகவே அரசர்களைப் பற்றி நாங்கள் பேசுவது பக்கத்து வீட்டுக்காரரைப் பற்றிப் பேசுவது போலத்தான் இருக்கும். அக்கா பிறந்த ஊருக்கு ஓர் அரசர், வாழ்க்கைப்பட்ட ஊருக்கு வேறொருவர். அக்காவின் கணவர் சீமைப்பனிச்சைப் பழத் தோப்பு வைத்திருக்கிறார், வாயைத் திறக்கமாட்டார். "உங்க ஊர் ராஜாவால நாடே குட்டிச்சுவராப் போச்சு" என்று அக்கா சொல்லும்போது மட்டும் "உங்க ஊர் ஆள் மட்டும் யோக்கியமா?" என்பார். பிறகு பழையபடி மௌனம்.

அக்கா முதலில் கார் நிறுத்துமிடத்தில் பீச் பழம் விற்றுக்கொண்டிருந்தவர். வழிகாட்டிகள் அள்ளிவிடும் கதைகளைக் கேட்டுக் கேட்டுப் பொறுக்கமுடியாமல் தானே உரிமத் தேர்வுக்குப் போனார். முதல் தடவை தோல்வி. இந்த அரசர் யார் என்று கேட்டிருக்கிறார்கள். அக்கா அந்த அரசரின் பாட்டியிலிருந்து ஆரம்பித்திருக்கிறார். அரசர் பிறப்பதற்குள் நேரம் முடிந்துவிட்டது. அடுத்த தடவை நாக்கைக் கடித்துக்கொண்டு தேறினார். அதற்குப் பிறகு நாக்கைக் கடித்துக்கொள்ள வேண்டிய அவசியம் ஒரே ஒரு நாள்தான் வந்தது. அந்த நாளைப் பற்றித்தான் சொல்ல வந்தேன்.

அக்காவின் ஒரே மகள் சியாவ்மான் நகரத்தில் பல் மருத்துவமனையில் வேலை பார்க்கிறாள். கூட வேலை பார்க்கும் ஃபூ குடும்பத்துப் பையன் போயூவுக்கும் அவளுக்கும் ஒத்துப்போய்விட்டது. பையனின் தாயாருக்குத்தான் ஒத்துவரவில்லை. கெங் அம்மாள், நான்கு என்றால் சாவு என்பது போலக் காதில் விழுகிறது என்று நான்காம் எண் மாடியில் குடியிருக்க மறுத்தவர். "கல்லறைக்குக் காவல் இருந்த வம்சம். பொண்ணோட அம்மா தினமும் பொணத்து வீட்டுக்குள்ள போயிட்டு வர்றவ. அந்தத் தீட்டு நம்ம வீட்டுக்கு வரணுமா?" என்று கேட்டாராம். பிறகு, நேரில் பார்த்துத்தான் தீர்மானிப்பேன் என்று அரை நாள் உலாவுக்குப் பணம் கட்டிவிட்டார், வாங் என்ற பெயரில். சீனாவில் பொய்ப்பெயர் தேடுகிறவர்கள் யாரும் வாங்கைத் தாண்டிப் போவதில்லை.

யாரிடமும் சொல்லக்கூடாது என்று மகனிடம் அம்மாள் சத்தியம் வாங்கினார். மகன் சியாவ்மானிடம் மட்டும் சொன்னான். சியாவ்மான் அம்மாவிடம் மட்டும் சொன்னாள். அக்கா என்னிடம் மட்டும் சொன்னார். ரகசியம் பத்திரமாக இருந்தது.

முதல் நாள் சியாவ்மான் தொலைபேசியில் சட்டம் போட்டாள். ஒலிபெருக்கியில் நானும் கேட்டேன்.

"அம்மா, நாளைக்கு ஆவி கீவின்னு எதுவும் பேசக்கூடாது. பொணம் கூடாது. வைப்பாட்டிங்க கதை கூடாது. ராஜாவோட வயித்துக் கோளாறு கூடவே கூடாது."

"அதெல்லாம் எடுத்துட்டா கல்லறையில என்னடி மிச்சம்?"

"வடிகால் இருக்குல்ல? வடிகாலைப் பத்திப் பேசு."

காலையில் வாங் தம்பதி வந்து இறங்கினார்கள். அம்மாள் கழுத்தில் பச்சைக் கல், மணிக்கட்டில் சிவப்புக் கயிறு, கைப்பையில் ஏதோ தாயத்து. பாதுகாப்புக்கு ஒரு குறையும் இல்லை. கணவர் நெட்டையாக, ஒல்லியாக, இஸ்திரி போட்ட சட்டையில். கடைகளில் தராசு சரியாக இருக்கிறதா என்று சோதிக்கும் வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். வாழ்க்கையில் பொய்யே சொன்னதில்லை என்று பெயர். அதனால் மாமியார் வீட்டில் இன்றும் அவருக்கு மரியாதை குறைவுதான்.

"வாங் ஐயா, படி பார்த்து வாங்க" என்றார் அக்கா. அவர் பதில் பேசவில்லை.

"வாங் ஐயா?"

"அவருக்குக் காது கொஞ்சம் மந்தம்" என்று அம்மாள் அவசரமாகச் சொன்னார்.

பொய்ப்பெயருக்குப் பதில் சொல்லுவதும் பொய்தான் என்று அவர் முடிவு செய்திருந்தது எனக்கு அப்புறம்தான் தெரிந்தது.

கல் யானைகளும் ஒட்டகங்களும் நிற்கும் பாதையில் அக்கா வாயில் பூட்டுப் போட்டவர் போல நடந்தார். இது யானை என்றார். இது ஒட்டகம் என்றார். அவரைத் தெரிந்த எனக்கு, கட்டுப்போட்ட சேவலைப் பார்ப்பது போல இருந்தது. முப்பது வருடம் அரசவைக்கே வராத அரசரின் பாதாள மாளிகைக்குப் போனபோதும் அதே கதைதான். வேறு நாளாக இருந்தால், "லீவு லெட்டர்கூட எழுதல மகராசன்!" என்று ஆரம்பிப்பார். அன்றைக்கு, "மழைத்தண்ணி உள்ள வராம இருக்க நல்ல வடிகால் வச்சிருக்காங்க" என்று மெல்லிய குரலில் சொன்னார்.

"சரிவு எவ்வளவு?" என்று கேட்டார் வாங் ஐயா. காது பளிச்சென்று திறந்துவிட்டது.

அதன்பிறகு இருவரும் வடிகாலில் ஆரம்பித்துக் கல் கதவுக்குப் போனார்கள். உள்ளிருந்து தானாகச் சாய்ந்து பூட்டிக்கொள்ளும் கல் தூணைப் பார்த்து ஐயா ஒரு சிறுவனைப் போல மூன்று தடவை குனிந்து நிமிர்ந்தார். அம்மாள் சால்வையை இறுக்கிக்கொண்டு சிவப்புச் சவப்பெட்டிகளிலிருந்து கண்ணை எடுக்காமல் நின்றார்.

"ராஜாவுக்கு ரெண்டு பக்கமும் யாரும்மா?"

"பட்டத்து ராணிங்கம்மா."

"பாசமா இருந்தாங்களா?"

அக்காவின் நாக்கு நுனியில் ஒரு கதை வந்து நின்றது. அரசருக்குப் பிடித்தவளை வெளியே எங்கோ புதைத்துவிட்டு, பிடிக்காத இருவரைப் பக்கத்தில் கிடத்திய கதை. அதை அவர் சொன்னால் கல்லும் அழும். "இடம் தாராளமா இருக்கும்மா" என்று சொல்லி முடித்துக்கொண்டார்.

அம்மாளின் முகம் தெளிந்தது. படியேறும்போது என் பக்கத்தில் வந்து, "அடக்கமான பொம்பளை. நான் என்னமோ நெனச்சேன்" என்றார். எனக்குச் சிரிப்பை அடக்குவது பெரும்பாடாகிவிட்டது.

வெளியே வரும் வழியில் இரண்டு கல் தூண்களுக்கு நடுவே ஒரு வாசல். உள்ளே போகும்போது அதன் வழியாகப் போகமாட்டார்கள், ஒதுங்கித்தான் போவார்கள். திரும்பும்போது அதைத் தாண்டியே வரவேண்டும். அக்கா தாண்டினார். தாண்டியவர் இரண்டு தோளையும் பட்பட்டென்று தட்டி, முற்றம் முழுக்கக் கேட்கும்படி, "நான் திரும்பி வந்துட்டேன்!" என்றார்.

சொன்னபிறகுதான் என்ன செய்தோம் என்று அவருக்கே தெரிந்தது. வாயைப் பொத்திக்கொண்டார். நாக்கைக் கட்டினால் போதாது, கையையும் காலையும் கட்டியிருக்கவேண்டும்.

"அது என்ன?" என்றார் அம்மாள்.

"ஒண்ணுமில்லம்மா. இங்க ஒரு வழக்கம்."

"என்ன வழக்கம்?"

வேறு வழியில்லை. "உள்ளது அவங்க உலகம், இந்தப் பக்கம் நம்ம உலகம்னு சொல்லுவாங்க. தூசியைத் தட்டிட்டு, வந்துட்டேன்னு சொன்னா ஒண்ணும் கூட வராது, நாமளும் அங்க தங்கிட மாட்டோம். சும்மா வேடிக்கைக்கு."

அம்மாள் வேடிக்கையாக எடுத்துக்கொள்ளவில்லை. தோள், கை, முழங்கால், கைப்பை எல்லாவற்றையும் தட்டிக்கொண்டு மூன்று தடவை வந்துவிட்டதாக அறிவித்தார். பின்னால் வந்த கணவர் எதையும் தட்டாமல், எதையும் சொல்லாமல் தாண்டினார்.

"சொல்லுங்க!"

"எங்க போனேன், திரும்பி வர்றதுக்கு? டிக்கெட்டைக் காட்டிட்டு உள்ள போனேன். இப்ப வெளிய நிக்கறேன்."

"ஒரு வார்த்தைதானே, வாயில முத்தா உதிர்ந்திடும்?"

"நடக்காததை நடந்த மாதிரி சொல்லமாட்டேன். காலையிலேருந்து உனக்காகச் செவிடா நடிச்சதே போதும்."

அம்மாள் அங்கிருந்த கல்லில் உட்கார்ந்துவிட்டார். "நீங்க சொல்லாம நான் கார்ல ஏறமாட்டேன். எதையோ தோள்ல தூக்கிட்டு வீட்டுக்கு வருவீங்க. மகனுக்குக் கல்யாணம் பேசற நேரத்துல! இந்த ஊர் சகவாசமே வேண்டாம்னு எனக்கு அப்பவே பட்டுச்சு. திரும்பிப் போனதும் போயூகிட்ட சொல்லிடறேன், இந்தச் சம்பந்தம்..." என்று ஆரம்பித்தவர், யார் எதிரில் பேசுகிறோம் என்று நினைவு வந்து நிறுத்தினார்.

அக்கா எதுவும் காதில் விழாதவர் போல வானத்தைப் பார்த்தார். ஆனால் முகம் வெளுத்துவிட்டது. மகளின் கல்யாணம் அந்தக் கல்லின்மேல் உட்கார்ந்திருந்தது.

"அம்மா, இதெல்லாம் நாங்க சும்மா சொல்றது. எனக்கே நம்பிக்கை கிடையாது" என்றார்.

"அப்ப நீ எதுக்கு மொதல்ல சொன்னே?"

அக்கா அந்த வாசலைத் திரும்பிப் பார்த்தார். "தொழிலுக்கு வந்த நாள்லேருந்து சொல்றேன். ஒரு நாள் சொல்லாம விட்டா என்ன ஆகும்னு பார்க்க தைரியம் வரல."

"இது நேர்மையான பதில்" என்றார் கணவர். அம்மாளுக்கு அது ஆறுதலாக இல்லை.

எங்களுக்குப் பின்னால் ஒரு சுற்றுலாக் கூட்டமும், அதை மேய்க்கும் கொடிபிடித்த வழிகாட்டியும் வந்து நின்றுவிட்டார்கள். யாரும் அவசரப்படவில்லை. அரசர்களைவிட இது சுவாரசியமாக இருந்தது போலும்.

"கைக்குழந்தை வந்தா யார் சொல்லுவாங்க?" என்று அக்கா திடீரென்று கேட்டார். "கூட வந்தவங்கதானே? அது செல்லும்தானே? இவருக்கும் வேற யாராவது சொல்லலாம்."

"அப்ப நான் சொல்றேன்" என்று எழுந்தார் அம்மாள்.

"பொண்டாட்டி சொன்னா செல்லாதும்மா. உள்ள பார்த்தீங்களே, ராஜா பக்கத்துல யார் படுத்திருக்கா? பொண்டாட்டிங்கதான். அவங்க கூடவே போறவங்க. திரும்பக் கூப்பிட வெளியில இருக்கற சொந்தம் வேணும்."

அம்மாள் என்னைப் பார்த்தார். "வாத்தியார் சொந்தம் இல்ல" என்றார் அக்கா.

பிறகு நேராகப் போய் அந்த நெட்டை மனிதரின் தோளைத் தட்டினார். ஒரு முடிவோடு மூச்சை இழுத்துக்கொண்டு, "எங்க சம்பந்தி ஃபூ ஐயா திரும்பி வந்துட்டார்!" என்று கத்தினார்.

கொடிபிடித்தவர் கொடியை இறக்கினார்.

"ஃபூவா?" என்றார் அம்மாள். "எப்பலேருந்து தெரியும்?"

"நீங்க பணம் கட்டினப்பலேருந்தும்மா."

கணவர் முதல் தடவையாகச் சிரித்தார். "அப்பாடா, என் பேரு கெடச்சுது." உடனே முகத்தைச் சரிசெய்துகொண்டார். தராசின் முன் நிற்பவர் போல விரலைத் தூக்கினார். "ஆனா ஒரு சந்தேகம். இந்தம்மா எனக்குச் சம்பந்தின்னா இவங்க சொன்னது செல்லும், நான் வந்துட்டேன். சம்பந்தி இல்லேன்னா செல்லாது, நான் இன்னும் உள்ளதான் இருக்கேன். எதுன்னு நான் சொல்ல முடியாது, மகன் கல்யாணம் உன் பொறுப்புன்னு நீதான் சொல்லியிருக்கே. நீயே சொல்லு. நான் வந்தேனா, வரலையா?"

கெங் அம்மாள் வாசலைப் பார்த்தார். கணவரைப் பார்த்தார். அவர் தோளை ஒரு தடவை தன் கையாலேயே துடைத்துவிட்டார், எதற்கும் இருக்கட்டும் என்று.

"வந்துட்டீங்க, வந்துட்டீங்க" என்றார். "கார்ல ஏறுங்க." பிறகு அக்காவின் பக்கம் திரும்பி, "என்ன சமைச்சு வச்சிருக்கீங்க, சம்பந்தியம்மா? அதையாவது ஒளிக்காம சொல்லுங்க" என்றார்.

மெல்லிய ரொட்டியும், அதில் வைத்துச் சுருட்ட பன்றிக்கறியும், முளைப்பயறும், முட்டையும். அக்காவின் வீட்டு மேசையில் அன்று கட்டு அவிழ்ந்த சேவல் கூவியது. வராத அரசர், வெளியே புதைந்த காதலி, வயிற்றுக் கோளாறு, ஒன்று விடவில்லை. கெங் அம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டும் சிரித்துக்கொண்டும் நான்கு ரொட்டி சாப்பிட்டு, "இதையெல்லாம் ஏன் அங்கேயே சொல்லல? பணம் வாங்கிட்டு வடிகாலைக் காட்டினீங்களே!" என்று சண்டை பிடித்தார். வடிகால்தான் நன்றாக இருந்தது என்றார் ஃபூ. ரொட்டி எப்படி என்று யாரோ கேட்டதற்கு, ஓரம் கொஞ்சம் கெட்டி என்றார். அக்காவின் கணவர் தலையாட்டினார். இருபது வருடமாக அதைச் சொல்ல ஆள் தேடிக்கொண்டிருந்திருக்கிறார். இரண்டு பேரும் எழுந்து தோப்பைப் பார்க்கப் போனார்கள். கல்யாணத் தேதி பெண்கள் இருவரும் இருந்த மேசையில் முடிவானது. கெங் அம்மாளின் பஞ்சாங்கத்துக்கும் துவான் அக்காவின் ஓய்வு நாளுக்கும் பொருந்திய ஒரே தேதி அதுதான்.

அடுத்த வாரம் வேறொரு குடும்பத்தோடு அந்த வாசலில் நின்றோம். முன்னால் அந்தக் கொடிபிடித்த வழிகாட்டி தன் கூட்டத்திடம், "சொல்லக் கூச்சமா இருக்கிறவங்களுக்குச் சம்பந்தி சொல்லலாம். பொண்டாட்டி சொன்னா செல்லாது. இது மிங் காலத்து வழக்கம்" என்று விளக்கிக்கொண்டிருந்தார்.

அக்கா என்னைப் பார்த்தார். "இது எனக்குத் தெரியாமப் போச்சே, வாத்தியாரே" என்றார்.